கட்டையா, மெத்தையா?

ஆலடிமேடு,
பென்னலூர் அஞ்சல்,
8-12-1967

நர்சம்மாவுக்கு, வண்டிக்கார கோதண்டம் சொல்ல, மருமகள் சரோஜா எழுதுவது.

நானும் மாடுகளும் நடமாட்டத்தோடு இருக்கிறோம். நீங்கள் எங்கள் பக்கத்தை விட்டுப் போய் ரெண்டு மழைக்காலம் ஆகிவிட்டது. உங்கள் விலாசத்தை யாக்கோபு கம்பவுண்டரிடம் கேட்டு வாங்கினேன். அவர் இன்னும் அதே மருந்தகத்தில், அதே சிவப்புத் தண்ணீரைத்தான் எல்லா நோவுக்கும் ஊற்றிக் கொடுக்கிறார். "அந்தம்மா நாசரேத்துல தம்பி வூட்ல கீறாங்க. லெட்டர் போட்டா சந்தோசப்படுவாங்க" என்றார்.

விஷயத்துக்கு வருகிறேன். சரோஜாவுக்கு இது ஐந்தாம் மாதம். இதை எழுத மாட்டேன் என்று பேனாவை மூடிவிட்டாள். "எழுதும்மா, நர்சம்மா இன்னா அன்னியமா? உன் புருசனையே அவங்கதான் காய்ச்சலுக்கு ஊசி போட்டுக் காப்பாத்துனாங்க" என்ற பிறகு எழுதுகிறாள். ராமன் இப்போது அம்பத்தூரில் கம்பெனி வேலையில் இருக்கிறான். ஞாயிற்றுக்கிழமை வருவான், சாப்பிடுவான், தூங்குவான், போவான்.

போன வருஷம் ஏழாம் மாசத்தில் இவளுக்கு வலி கண்டது. என் வண்டியில்தான் ஏற்றினேன். முழங்கால் உயரத்துக்கு வைக்கோல் போட்டு, மேலே ரெண்டு கோணி. ஏரிக்கரை தாண்டி பென்னலூர் தார் ரோட்டைப் பிடிக்கிறதுக்குள்ளே எல்லாம் முடிந்துவிட்டது. குழந்தை அழவேயில்லை. ஆஸ்பத்திரி டாக்டரம்மா, "வண்டி மேல பழி போடாதீங்க, வலி வர்றதுக்கு முன்னாடியே உள்ளே உயிர் இல்லை" என்றார்கள். நான் நம்பினேன். இவள் நம்பவில்லை. "மாமா, அந்தக் கட்டை வண்டிதான் எம் புள்ளைய உலுக்கிக் கொன்னுச்சு" என்று ஒரு தடவை சொன்னாள். அப்புறம் சொல்லவில்லை. சொல்லாமல் இருக்கிறதுதான் எனக்குத் தாங்கவில்லை. வண்டி நிற்கிற பக்கம் போகிறதே இல்லை. கிணற்றுக்குச் சுற்றிக்கொண்டு போகிறாள். மாட்டுக் கழுத்து மணி கேட்டால் உள்ளே போய்விடுகிறாள். இதையும் எழுது என்றேன். எழுதிவிட்டாள்.

இந்தத் தடவை டாக்டரம்மாவும் கட்டை வண்டிப் பயணம் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். எங்கள் ஊருக்கு வேறு என்ன வரும்? பஸ் வராது. வில் வைத்த வண்டி ஏரிக்கரைச் சேற்றில் குடை சாயும். இவள் தாயில்லாத பெண். அதனால் நீங்கள்தான் வரவேண்டும். பங்குனி கடைசியில் வந்து, சித்திரையில் பிள்ளையை வாங்கிக் கொடுத்துவிட்டுப் போங்கள். உங்கள் மீன் குழம்புக்குத் தனிச் சட்டி, தனி அடுப்பு வைத்துத் தருகிறோம். வாசனை எங்களுக்கும் ஆகாததில்லை.

பதில் பார்த்துக்கொண்டிருக்கும்,
கோதண்டம்


நாசரேத்,
20-12-1967

கர்த்தருக்குள் பிரியமான கோதண்டம் அண்ணாச்சிக்கு, அன்னபுஷ்பம் எழுதுவது.

உங்க கடிதம் கண்டு வீடே சிரித்தது. தபால்காரர் வாசலில் நின்று "ஆலடிமேடு யாரு?" என்று கேட்டார். நான் உள்ளே இருந்து, "என் பிள்ளைங்க இருக்கிற ஊரு" என்று சொன்னேன். மயிலையும் செவலையும் எப்படி இருக்கு? செவலை இன்னும் பனைமரத்தைக் கண்டால் நின்று உச்சியைப் பார்க்குமா?

சரோஜா சேதி சந்தோஷம். ஆனால் என்னால் வரமுடியாது, அண்ணாச்சி. தம்பி மகன் சாலமோனுக்குத் தையில் கல்யாணம். அது முடிந்தால் பதநீர் காலம். கருப்பட்டி காய்ச்ச வீட்டில் ஆள் வேண்டும். கோவில் பெண்கள் சங்கத்துக்கு வேறு நான்தான் செயலாளர். எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக வந்துகிடக்கு.

எட்டாம் மாசமே ஆஸ்பத்திரிப் பக்கமாக ஒரு வீடு பிடித்துச் சரோஜாவை வைத்துவிடுங்க. அல்லது ராமன் தங்கியிருக்கிற இடத்துக்கு அனுப்புங்க. கீரை, முட்டை, பேரீச்சம்பழம் கொடுங்க. கால் வீங்கினால் உடனே காட்டணும். சுகாதார நிலையத்துக்கு வந்திருக்கிற புது நர்சுப் பெண் நல்ல கைராசிக்காரி என்று யாக்கோபு எழுதியிருந்தார். அவளைக் கூப்பிடுங்க.

எழுத்துக் கோணலாக இருந்தால் மன்னியுங்க. கவிழ்ந்து படுத்துக்கிட்டு எழுதுதேன். குளிருக்கு அதுதான் இதமாக இருக்கு.

சரோஜாவுக்காக ஜெபிக்கிறேன்.

அன்னபுஷ்பம்


ஆலடிமேடு,
5-1-1968

நர்சம்மாவுக்கு, கோதண்டம் சொல்வது.

உங்கள் கடிதத்தை சரோஜாவை மூன்று தடவை படிக்கச் சொல்லிக் கேட்டேன். எழுத்து எப்படி இருக்கிறது என்றும் கேட்டேன். "காத்துல சாஞ்ச வேலி மாதிரி கீது மாமா" என்றாள். திருநெல்வேலிச் சீமையில் குளிரா, நர்சம்மா? மார்கழியில் கூட அங்கே விசிறி இல்லாமல் தூங்க முடியாது என்று என்னிடம் சொன்னதே நீங்கள்தான். ஸ்ரீபெரும்புதூர் சந்தையில் கம்பளிக்காரனிடம் நின்று சொன்னீர்கள். அவன் கூடச் சிரித்தான்.

ராமன் ஒரே அறையில் ஏழெட்டு ஆண்பிள்ளைகளோடு ஷிப்டு போட்டுத் தூங்குகிறவன். அங்கே இவளை எங்கே வைக்கிறது? வீடு பிடித்து வைத்தால் யார் துணை இருப்பது? நானா? புது நர்சுப் பெண் நல்ல பெண்தான். வந்து பார்த்தாள். சரோஜா அவளிடம் கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னாள். உங்கள் பேரைச் சொன்னால்தான் இவள் முகத்தில் வெளிச்சம் வருகிறது. ஏன் என்று கேளுங்கள். இவள் உங்களைப் பார்த்தது கல்யாணத்தன்று ஒரே ஒரு நாள். ஆனால் இந்த ஊர்ப் பெண்கள் உங்களைப் பற்றிச் சொல்லுகிறதைத் தினமும் கேட்கிறாள்.

எங்கள் பக்கத்தில் வண்டிக்குச் சொல்ல வருகிறவனிடம் நாங்கள் முதலில் கேட்கிறது ஒரே கேள்விதான். "கட்டையா, மெத்தையா?" மெத்தை என்றால் பஞ்சு இல்லை. பலகைமேல் வைக்கோல், அதன்மேல் ஒரு கோணி. கட்டை என்றால் வெறும் பலகை. செங்கல், எரு, மணல், புளிமூட்டைக்கெல்லாம் கட்டை. மனுஷர் ஏறினால் மெத்தை. வண்டி கூப்பிடுகிற வீடுதான் வைக்கோல் தரணும். இதெல்லாம் உங்களுக்குத் தெரியாதா? தெரியும். மறந்துவிட்டீர்களோ என்று சொல்கிறேன்.

நீங்கள் இங்கே வந்த வருஷம், பதினாறு வருஷத்துக்கு முன்னால். ஏரி வறண்டு, தரை பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. அம்சவல்லிக்குத் தலைப்பிரசவம். ஒரு ராத்திரியும் ஒரு பகலும் வலி எடுத்தும் பிள்ளை இறங்கவில்லை. ஆஸ்பத்திரிக்கு எடு என்றீர்கள். அந்த வீட்டில் ஒரே ஒரு அணைப்பு வைக்கோல்தான் கொடுத்தார்கள். அதை அவளுக்கு மட்டும் போடச் சொல்லிவிட்டு, ஏறப் போனீர்கள். "உங்களுக்கு கட்டையா மெத்தையாம்மா?" என்றேன். "கட்டையே போதும்" என்றீர்கள். தெற்கத்தி அம்மா, நம்ம பேச்சு புரியவில்லை என்று நினைத்து, "வெறும் பலகைம்மா, எலும்பு எண்ணிடும்" என்று விளக்கினேன். "புரிஞ்சுதான் சொல்லுதேன், வண்டியை விடுங்க" என்றீர்கள்.

அச்சுக்கு நேர் மேலே உட்கார்ந்தீர்கள். காலை நீட்டி, அவள் இடுப்பைத் தூக்கி உங்கள் மடிமேல் வைத்துக்கொண்டீர்கள். ஒரு கையால் பக்கத்துக் குச்சியைப் பிடித்துக்கொண்டீர்கள். நான் முன்னால் மடித்த கோணிமேல் உட்கார்ந்து ஓட்டுகிறேன். ஒவ்வொரு பள்ளத்திலும் பின்னால் ஒரு சத்தம். அம்சவல்லி முனகல் என்று நினைத்தேன். திரும்பிப் பார்த்தால் அவள் கண்மூடிக் கிடக்கிறாள். மோதிக்கொள்வது உங்கள் பற்கள். உச்சி வெயிலில், மழைக்காலத்தில் ஏரி வழிகிற கலங்கலுக்குப் பக்கத்தில், "நிறுத்துங்க" என்றீர்கள். வண்டியிலேயே பாபு பிறந்தான். தென்னை மட்டை மாதிரி கை கால், என்ன அழுகை! செவலைக்கு முன்னாடி இருந்த மாடு பயந்துபோய்ச் சாணி போட்டது.

அதற்கப்புறம் எத்தனை நடை! ஒரு தடவை கூட நீங்கள் மெத்தை என்று சொல்லவில்லை. வைக்கோல் போர் வீட்டை விட உயரமாக இருக்கிற வீட்டிலும் கட்டைதான். இப்போது எங்கள் ஊரில் அந்தச் சொல்லை மனுஷருக்கும் சொல்லுகிறார்கள், தெரியுமா? தன் பங்குக் கஞ்சியை நாத்தனார் பிள்ளைக்கு ஊற்றிவிட்டு வயல் வேலைக்கு வந்தவளைப் பார்த்து, "நர்சம்மா கணக்கா கட்டையா வந்துகீறா பாரு" என்றார்கள். வேலைக்கு வந்து நிழல் தேடுகிறவனைப் பார்த்து, "ஐயாவுக்கு மெத்தை கேக்குது" என்கிறார்கள். ஒரு ஊரின் பேச்சில் போய் உட்கார்ந்துகொண்டவர் நீங்கள். அப்படிப்பட்டவர் கல்யாணம், கருப்பட்டி, சங்கம் என்று எனக்குச் சாக்குச் சொல்லலாமா? வரப் பிடிக்கவில்லை என்றால் அதையே சொல்லுங்கள். நான் பொறுப்பேன். சாக்கு பொறுக்க மாட்டேன்.

கோபத்தோடு,
கோதண்டம்

(மாமா கோபமாகச் சொன்னார். ஆனால் பாபு கதையைச் சொல்லும்போது எழுந்து நின்று சொன்னார். உங்களுக்குத் தெரியட்டும் என்று எழுதினேன். — சரோஜா)


நாசரேத்,
22-1-1968

கோதண்டம் அண்ணாச்சிக்கு,

என்னைத் தூக்கிப் பீடத்தில் வைக்காதீங்க. எனக்குக் கோபம் வருது. நான் கட்டையாக வந்ததுக்குக் காரணம் தியாகமும் இல்ல, ஒண்ணும் இல்ல. கேளுங்க.

உங்க ஊருக்கு வந்த புதிதில், அம்சவல்லிக்கு முன்னால், வேறொருத்தர் வண்டியில் ஒரு பிள்ளைத்தாச்சியைக் கொண்டுபோய் விட்டுத் திரும்பினோம். வண்டி நிறைய வைக்கோல். அவள் படுத்தது பாதி, நான் உட்கார்ந்தது பாதி. திரும்பி வந்ததும் அந்த வீட்டு ஆள் மொத்தத்தையும் வாரி ஏரிக்கரையில் போட்டுத் தீ வைத்தார். "ஏன் எரிக்கீங்க, நான் உட்கார்ந்த பக்கம் சுத்தமாத்தானே இருக்கு?" என்று கேட்டேன். "பிரசவத் தீட்டும்மா. இதை மாடு தின்னா மடி வத்திடும்" என்றார். பஞ்ச வருஷம். பக்கத்தில் கட்டிக் கிடந்தது அவர் பசு. விலா எலும்பெல்லாம் தெரியுது. அது அந்தத் தீயையே பார்த்துக்கிட்டு நின்றது. நான் அந்தப் பசுவைப் பார்த்தேன்.

என் ஒருத்தி உட்கார ஒரு மாட்டுக்கு ஒருவேளைத் தீனியா? உங்க ஊர்க் கட்டுப்பாட்டோடு வாதாட எனக்கு அப்போ தெம்பு இல்ல. பலகையில் உட்காரத் தெம்பு இருந்தது. அவ்வளவுதான் சங்கதி. பஞ்சம் போன பிறகும் பழக்கம் போகல. இதுக்குப் போய் ஒரு பேரு, ஒரு பேச்சு!

வரமுடியாது என்றால் முடியாதுதான். இதோடு விடுங்க. மாடுகளுக்கு என் அன்பு.

சரோஜா, அம்மா, இனிமேல் வருகிறதை மாமனாருக்கு வாசிக்காதே. உனக்கு மட்டும். எனக்கு உட்கார முடியாது. இடுப்புக்குக் கீழே எலும்பு தேய்ந்து நகர்ந்துபோச்சு என்கிறார் டாக்டர். நிற்பேன், நடப்பேன், படுப்பேன். உட்கார்ந்தால் உயிர் போகும். கோவிலில் ஆராதனை முழுக்க நின்றுகொண்டே இருப்பேன். போன வாரம் குருவானவர், "அன்னபுஷ்பம் அம்மாளின் பக்தி வைராக்கியத்தைப் பாருங்கள்" என்று பிரசங்கத்தில் சொல்லிவிட்டார். எனக்குச் சிரிப்பை அடக்க முடியல. ரயிலிலோ வண்டியிலோ எப்படி வருவேன்? இது அண்ணாச்சிக்குத் தெரிஞ்சால் அந்த வண்டியை நீ பார்க்கிற மாதிரி அவரும் பார்க்க ஆரம்பிப்பார். அவர் சோறு அது. அவருக்கு அதன்மேல் வெறுப்பு வரப்படாது.

உனக்கும் ஒண்ணு சொல்லுதேன். டாக்டரம்மா சொன்னது நிஜம். உள்ளே உயிர் போனால் எப்படி வலி வரும் என்று எனக்குத் தெரியும். வண்டி உன் பிள்ளையைக் கொல்லல. அதே பலகையில் எத்தனை பிள்ளைகளை உயிரோடு வாங்கியிருக்கேன். என் கை அறியும்.

அன்னபுஷ்பம்


ஆலடிமேடு,
10-2-1968

நர்சம்மாவுக்கு,

எனக்கு எழுத்துத் தெரியாது. காது தெரியும். உங்கள் கடிதம் ஜெபத்தில்தான் முடியும். இந்தத் தடவை மாட்டில் முடிந்தது. "மீதி எங்கம்மா?" என்றேன். "அவ்ளோதான் மாமா" என்றாள். குரல் வேறு மாதிரி இருந்தது. கடிதத்தை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு வெளியே போனாள். நான் பின்னாலேயே எட்டிப் பார்த்தேன். நேரே கொட்டகைக்குப் போனாள். போன வருஷத்துக்கு அப்புறம் அந்தப் பக்கம் போனது அன்றைக்குத்தான். வண்டியின் பலகைமேல் உள்ளங்கையை வைத்தாள். அச்சுக்கு நேர் மேலே, நீங்கள் உட்காருகிற இடத்தில். ரொம்ப நேரம் வைத்திருந்தாள். திரும்பி வந்து, நான் கேட்காமலே மீதியைப் படித்தாள். உங்கள் பேச்சை மீறிவிட்டாள். அடிக்கிறதாக இருந்தால் நேரில் வந்து அடியுங்கள்.

நான் வண்டியை வெறுக்கவில்லை. அன்றைக்கு மாட்டுக்குத் தண்ணீர் காட்டினேன், அச்சுக்கு மை போட்டேன். ஆனால் சோறு இறங்கவில்லை. அதை விடுங்கள்.

உட்கார முடியாதவர் படுத்து வரலாம் அல்லவா? ரயிலில் படுக்கை இருக்கிறது என்று ராமன் சொல்கிறான். செங்கல்பட்டில் இறங்கி, பாசஞ்சரில் கொஞ்ச தூரம் நின்றுகொண்டே வந்தால் சிங்கப்பெருமாள் கோவில். அங்கே நான் வண்டியோடு நிற்பேன். ஒரகடம் வழியாக, மாடு நடக்கிற நடையில், காலையில் புறப்பட்டால் விளக்கு வைக்கிறதுக்குள் வந்துவிடலாம். மார்பளவு வைக்கோல் போடுகிறேன். நீங்கள் ராணி மாதிரி படுத்து வரலாம்.

மாட்டுத் தீனி வீணாகும் என்பீர்கள். அதற்கும் பேசிவிட்டேன். மாரியம்மன் கோவில் வாசலில் நாலு பேர் கூடினபோது, "நர்சம்மா வர்றப்பவும் போறப்பவும் படுக்கிற வைக்கோல் எரிக்கிறதுக்கு இல்ல. எம் மாட்டுக்கே போடுவேன்" என்றேன். கங்கம்மாளை உங்களுக்குத் தெரியுமே. ஊர்த் தீட்டுக்கெல்லாம் கணக்குப்பிள்ளை. எழுந்தாள்.

"வர்றப்ப சரி. போறப்ப அந்தம்மா புள்ள எடுத்த கை. அதைத் தின்னு மாடு செத்தா?"

"செத்தா நான் நுகத்துல கழுத்தக் கொடுத்து இழுக்கிறேன், நீ ஏறி உக்காரு" என்றேன்.

எல்லாரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. அப்போது அம்சவல்லி வந்தாள். "ஏன் பெரீம்மா, அந்தம்மா கை தீட்டுன்னா எம் புள்ள பாபுவும் தீட்டுதான். அவன் மோட்டார் போட்டு எறைக்கிற தண்ணியத்தான் நீ தினமும் குடத்துல மொண்டுகினு போற. நாளைக்கு எங்க போய் மொள்ளுவே?" என்றாள். கங்கம்மாள் முந்தானையை உதறி இடுப்பில் செருகிக்கொண்டாள். பிறகு, "எம் போர்ல ரெண்டு கத்தை எடுத்துக்கோ. தாளடி வைக்கோல். மெத்துனு இருக்கும்" என்று சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டு போனாள்.

இன்னும் என்ன சாக்கு இருக்கிறது, சொல்லுங்கள்.

கோதண்டம்


நாசரேத்,
24-2-1968

அண்ணாச்சிக்கு,

சாக்கு எல்லாம் தீர்ந்துபோச்சு. சாலமோன் கல்யாணமும் முடிந்தது. அவனே கூட வந்து கொண்டுவிடுதேன் என்கிறான். கங்கம்மாள் ரெண்டு கத்தை கொடுத்த பிறகு நான் வராமல் இருந்தால் அது பெரிய பாவம்.

ஆனால் ஒரு காரியம் தீர்மானமாகணும். உங்க பக்கத்தில் பிரசவம் தரையில்தான் நடக்கும். குந்தி உட்கார்ந்து பிள்ளை வாங்க இனி என்னால் ஆகாது. நின்றுகொண்டுதான் பார்க்கணும். அதுக்கு என் இடுப்பு உயரத்தில் அகலமான, அசையாத பலகை வேணும். கட்டில் தாழ்வு. கயிறும் தொய்யும். யோசித்து யோசித்துப் பார்த்தேன். அந்த உயரத்தில், அந்த அகலத்தில் உங்க வீட்டில் இருக்கிற ஒரே பலகை எது என்று உங்களுக்கும் தெரியும். மாட்டை அவிழ்த்துவிட்டு, சக்கரத்துக்குக் கல் கொடுத்து, முன்னால் முட்டுக் கொடுத்து நிறுத்தினால் போதும்.

சரோஜா அதில் ஏறுவாளா? கட்டாயப்படுத்தாதீங்க. நீங்க சொல்லி அவள் எழுதுகிற பதில் எனக்கு வேண்டாம். அவள் சொல்லி அவளே எழுதட்டும். மாட்டேன் என்றால் நான் வந்து பிரயோசனமில்ல. அந்தப் புது நர்சுப் பெண்ணையே முழுசாக நம்புங்க. நான் வந்தாலும் அவளும் கூட நிற்கணும்.

வாசிச்சுட்டியா, சரோஜா? உன் பதிலுக்குக் காத்திருக்கேன்.

அன்னபுஷ்பம்


ஆலடிமேடு,
4-3-1968

அம்மாவுக்கு,

ஏறுகிறேன். நீங்கள் பின்னால் நிற்பதாக இருந்தால் ஏறுகிறேன்.

எனக்கு மெத்தையாகவே போடச் சொல்லுங்கள். உங்கள் அளவுக்கு எனக்குத் தெம்பில்லை.

சரோஜா

(இதை எழுதிவிட்டு என்னிடம் படித்துக் காட்ட மாட்டேன் என்கிறாள். சிரிக்கிறாள். அதனால் நல்ல பதிலாகத்தான் இருக்கும். — கோதண்டம் சொல்லி எழுதியது)


ஆலடிமேடு,
2-6-1968

நர்சம்மாவுக்கு, கோதண்டம் சொல்ல, சரோஜா எழுதுவது. பேத்தி இவள் மடியில் கிடக்கிறாள். எழுதுகிற கையைக் காலால் உதைக்கிறாள். எழுத்துக் கோணலாக இருந்தால் அது குளிரினால் இல்லை.

நீங்கள் நல்லபடியாக ஊர் போய்ச் சேர்ந்ததற்குச் சாலமோன் தம்பி போட்ட கார்டு வந்தது. எங்களுக்கு நிம்மதி.

பிள்ளை பிறந்த அன்றைக்குப் புடவைத் தட்டிக்கு உள்ளே நடந்தது உங்களுக்குத் தெரியும். வெளியே நடந்தது தெரியாது. அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். முட்டுக் கொடுத்த கட்டையை நான் நம்பவில்லை. நுகத்தடியை என் தோளில் ஏந்திக்கொண்டு, காலை மடக்கி உட்கார்ந்துவிட்டேன். மயிர் அளவு கூட வண்டி அசையக்கூடாது. ராமன், "அப்பா, நான் புடிக்கிறேன்" என்று வந்தான். "போடா, உனக்கு மிஷின்தான் தெரியும்" என்று துரத்தினேன். உள்ளே இவள் கத்துகிறாள். புது நர்சுப் பெண் ஓடி ஓடி வெந்நீர் கேட்கிறாள். உங்கள் குரல் மட்டும் ஒரே நிதானம். "பலகையைப் பிடிச்சுக்கோ, நல்லா அழுத்திப் பிடிச்சுக்கோ, அது தாங்கும்" என்றீர்கள். தாங்கிற்று. எத்தனையோ ஊருக்கு ஓட்டியிருக்கிறேன், நர்சம்மா. என் ஆயுசில் அந்த வண்டியை நான் ஓட்டினதிலேயே பெரிய ஓட்டம் அதுதான். ஓரடி நகரவில்லை.

பிள்ளை அழுத சத்தம் கேட்டதும் கொட்டகையில் கட்டியிருந்த செவலை குரல் கொடுத்தது. கங்கம்மாள் தெருக்கோடியில் இருந்து, "இன்னா புள்ள?" என்று கத்தினாள். இவ்வளவுதான் வெளியே நடந்தது.

இவள் இப்போது சாயங்காலத்தில் பிள்ளையை எடுத்துக்கொண்டு போய் வண்டியில்தான் உட்காருகிறாள். கிணற்றுக்கு நேர் வழியாகத்தான் போகிறாள். பிரசவத்து வைக்கோலை எரித்தோம். அது சரிதான் என்று நீங்களும் சொன்னீர்கள்.

ராத்திரியோடு ஓட்டி வந்து உங்களைக் காலை ரயிலில் ஏற்றின அன்றைக்கு நடந்ததைச் சொல்கிறேன். ரயில் பலகை உறுத்தும் என்று நான் உட்காருகிற கோணியையும் மடித்து உங்கள் இடுப்புக்கு அடியில் வைத்து அனுப்பினேன் அல்லவா? ரயில் போனதும் ஸ்டேஷன் வேப்பமரத்தடியில் மாட்டை அவிழ்த்தேன். நீங்கள் படுத்து வந்த வைக்கோல் அவ்வளவையும் இழுத்துக் கீழே போட்டேன். மயிலை மோந்து பார்த்தது. நான் அதன் கயிற்றைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். கங்கம்மாளிடம் வீரமாகப் பேசிவிட்டேனே தவிர, பரம்பரையாகக் கேட்டது உள்ளே இருக்கத்தானே செய்யும். பிறகு அது ஒரு வாய் இழுத்தது. செவலை தன் பங்கையும் அதன் பங்கையும் சேர்த்துத் தின்றது. ஒரு தாள் மீதியில்லை. ரெண்டும் இன்றைக்கு வரைக்கும் திடமாக இருக்கின்றன. கங்கம்மாள் தினமும் வந்து பார்த்துவிட்டுப் போகிறாள், ஏமாற்றத்தோடு.

தீனி முடிந்து வண்டி பூட்டினபோதுதான் பார்த்தேன். வைக்கோல் மாட்டு வயிற்றில். கோணி உங்களோடு ரயிலில். வண்டியில் வெறும் பலகை. சரி என்று ஏறினேன். முன்னால் உட்காரவில்லை. கயிற்றை நீளமாக விட்டுக்கொண்டு, அச்சுக்கு நேர் மேலே, உங்கள் இடத்தில் உட்கார்ந்தேன்.

இந்த ரோட்டில் எனக்குத் தெரியாத பள்ளம் இல்லை என்று பேசிக்கொண்டு திரிந்தவன் நான். எனக்கு ஒன்றுமே தெரியாது. ஸ்டேஷன் ரோடு தாண்டுகிறதுக்குள் முதுகுத்தண்டு ஒவ்வொரு கண்ணியாகக் கழன்று பூட்டிக்கொண்டது. பல்லைக் கடித்தேன். கடித்தும் பல் ஒன்றோடொன்று மோதிற்று. அந்தச் சத்தம் எனக்குத் தெரிந்த சத்தம். இதில் மடிமேல் இன்னொருத்தியின் பாரம் வேறு இருந்தால் எப்படி இருக்கும் என்று நினைத்துப் பார்த்தேன். நினைக்க முடியவில்லை.

ஒரகடத்து டீக்கடையில் சுப்பன் நின்றிருந்தான். வல்லம் வரைக்கும் வருகிறேன் என்று கை காட்டினான். "இன்னா கோதண்டம், கட்டையா, மெத்தையா?" என்றான்.

"நர்சம்மா வண்டிடா. கட்டைதான். தெம்பு இருந்தா ஏறு" என்றேன்.

அவன் எட்டிப் பலகையைப் பார்த்தான். என் முகத்தையும் பார்த்தான். "நான் நடந்தே வர்றேன்" என்றான்.

விளக்கு வைக்கிற நேரத்துக்கு வீடு வந்தேன். சரோஜா பிள்ளையைத் தோளில் சாய்த்துக்கொண்டு சொம்புத் தண்ணீரோடு வாசலில் நின்றாள். பலகையைப் போட்டு, "உக்காருங்க மாமா" என்றாள்.

"இல்லம்மா. கொஞ்ச நேரம் நிக்கிறேன்" என்றேன்.

கோதண்டம்